எனக்காகப் பேச ஒருவரை அனுப்பினார்

தினமும் வேலைக்குப் போய்க்கொண்டிருக்கிற மனிதனுக்குச் சம்பளம் வரவில்லை என்றால் யாரும் நம்ப மாட்டார்கள். அதுவும் சர்க்கார் வேலை. மளிகைக்கடைக்காரர் நம்பவில்லை. வீட்டுக்காரர் நம்பவில்லை. என் மச்சான் கடைசி வரைக்கும் நம்பவில்லை. சீட்டு ஆடித் தொலைக்கிறேன் என்று அக்கம்பக்கத்தில் ஒரு பேச்சுக்கூடக் கிளம்பியது. அந்த நாட்களைப் பற்றித்தான் எழுதுகிறேன். நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவன். பிழை இருந்தால் அடியார்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

என் பெயர் ரெங்கசாமி. ஸ்ரீரங்கத்தில் அடையவளஞ்சான் தெருவை ஒட்டி, பல குடித்தனங்கள் இருக்கிற ஒரு ஸ்டோர் வீட்டில் எங்களுக்கு ஒரு போர்ஷன். மனைவி பெயர் தனபாக்கியம். அவள் பிறந்த ஊர் மண்ணச்சநல்லூர். எங்களுக்கு இரண்டு பெண் குழந்தைகள். ஆற்றுக்கு அந்தப் பக்கம், திருச்சி டவுனில், ரோடு போடுகிற உருளை எஞ்சின்களைப் பழுது பார்க்கும் சர்க்கார் பட்டறையில் நான் ஃபிட்டர்.

அந்தப் பட்டறையில் என்னைப் போல ஒரு பத்துப் பன்னிரண்டு பேர் டெம்பரவரி. எத்தனை வருஷம் வேலை பார்த்தாலும் டெம்பரவரிதான். ஒவ்வொரு வருஷமும் எங்களை நீட்டித்து மெட்ராஸிலிருந்து உத்தரவு வர வேண்டும். உத்தரவு வராவிட்டால் சம்பள பில்லை டிரஷரியில் வாங்க மாட்டார்கள். வழக்கமாகப் பத்து நாள், பதினைந்து நாள் தாமதமாகும். சமாளித்துவிடுவோம். ஐம்பத்தேழாம் வருஷம் கார்த்திகை மாதம் நின்ற சம்பளம் மட்டும் வரவே இல்லை. மார்கழியும் வரவில்லை. தையும் வரவில்லை.

ஆனால் வேலைக்குப் போயாக வேண்டும். அதை வெளி ஆட்களுக்குப் புரிய வைப்பதுதான் கஷ்டம். ஒரு நாள் போகாவிட்டாலும் சர்வீஸ் அறுந்துபோகும். பிறகு உத்தரவு வந்தால்கூட என் பெயர் அதில் இருக்காது. அதனால் சம்பளம் வராத பட்டறைக்கு, சம்பளம் வருகிற காலத்தைவிட ஒழுங்காகப் போனேன். சைக்கிளை விற்றுவிட்டேன். காவேரிப் பாலத்தைத் தாண்டி நடந்தே போவேன், நடந்தே வருவேன். மேலதிகாரியிடம் போய் நின்றால், "நான் என்னப்பா பண்றது, எழுதிட்டுத்தான் இருக்கேன்" என்பார். அவர் எழுதிக்கொண்டுதான் இருந்தார். பொய் இல்லை. அவரைத் திட்டவும் எங்களுக்கு வழி இல்லை.

காலையில் பட்டறைக்குக் கிளம்புமுன் பெரிய பெருமாள் சன்னதியில் போய் நிற்பேன். அந்த நாலு மாதமும் ஒரு நாள்கூடத் தவறவில்லை. ஆனால் என்ன வேண்டிக்கொண்டேன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. முதலில் 'சம்பளம் வரட்டும்' என்று கேட்டேன். பிறகு அதுவும் கேட்கவில்லை. சும்மா நிற்பேன். துளசியை வாங்கி வாயில் போட்டுக்கொண்டு வந்துவிடுவேன். அலுத்துப் போன மனதில் பக்தி இருக்கிறதா இல்லையா என்றே தெரியாது. கால் மட்டும் பழக்கத்தில் போகும்.

வீட்டிலும் அப்படித்தான் ஆகிவிட்டது. ராத்திரி வந்தால் கை கால் கழுவிக்கொண்டு படுத்துவிடுவேன். தனபாக்கியம் ஏதாவது கேட்பாள். "ம்" என்பேன். எனக்குப் பேச வரவில்லை, கோபம்கூட வரவில்லை. வாயைத் திறந்தால் என்ன வரும் என்று பயமாக இருந்தது. கடைக்காரர் வாசலில் வந்து சத்தம் போட்டுவிட்டுப் போன அன்று அவள் என் எதிரில் வந்து நின்றாள்.

"ஏதாவது சொல்லுங்க. என்னையாவது திட்டுங்க."

நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"உத்தரவு வரும், வரும்னு அந்தப் பட்டறைய கட்டிக்கிட்டு அழுங்க. உங்களுக்கு அதுதான் பொண்டாட்டி. சோறு போடாத பொண்டாட்டிக்கு என்னா விசுவாசம்!"

அதற்கும் நான் பேசவில்லை. மாசி மாதம் பிறந்த இரண்டாம் நாள் நான் பட்டறையிலிருந்து வந்தபோது வீடு பூட்டியிருந்தது. சாவி பக்கத்துப் போர்ஷனில் இருந்தது. குழந்தைகளையும் கூட்டிக்கொண்டு அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள் என்று சொல்லிச் சாவியைக் கொடுத்தார்கள்.

அவள் அண்ணன் மருதமுத்துவுக்கு மண்ணச்சநல்லூரில் ஒரு ரைஸ்மில்லில் வேலை. நல்ல மனிதர்தான், ஆனால் வாய் ரொம்பக் காரம். ஞாயிற்றுக்கிழமை நான் போனேன். வாசலிலேயே நிறுத்திவிட்டார்.

"வாங்க மாப்ளே. உத்தரவு வந்துருச்சா?"

"இல்ல மச்சான்."

"பின்ன நீங்க மட்டும் வந்திருக்கீங்க. உத்தரவையும் கூட்டிக்கிட்டு வாங்க, சேர்ந்து சாப்பிடலாம்."

உள்ளே இருந்து யாரோ சிரித்தார்கள். தனபாக்கியம் வெளியே வரவில்லை. சின்னவள் மட்டும் ஓடி வந்து என் வேட்டியைப் பிடித்துக்கொண்டாள். வேளைக்குச் சோறு கண்டு அவள் கன்னம் கொஞ்சம் பூசினாற்போல் இருந்தது. அதைப் பார்த்ததும் 'இங்கேயே இருக்கட்டும்' என்று தோன்றிவிட்டது. திரும்பி வந்தேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் போனேன். அதே வாசல், அதே பேச்சு. அதற்குப் பிறகு போகவில்லை.

எங்களோடு டெம்பரவரியாக இருந்தவர்களில் காதர் பாய் என்று ஒருவர். வெல்டர். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர். கொஞ்சம் இங்கிலீஷ் வாசிப்பார். தென்னூரில் அவருக்குத் தெரிந்த வக்கீல் குமாஸ்தா ஒருவர் இருந்தார். சம்பளத்தைத் தாமதமாகக் கொடுத்தால் அதற்கு நஷ்டஈடு கேட்கலாம் என்று சட்டம் இருக்கிறது, எங்கள் மாதிரிப் பட்டறைக்கும் அது செல்லும் என்று அவர் சொன்னாராம். காதர் பாய் எல்லோருக்கும் மனு எழுதிக்கொண்டு வந்து டீ குடிக்கிற நேரத்தில் நீட்டினார்.

"சர்க்கார் மேலயே கேஸா பாய்? இருக்கிற வேலையும் போயிரும்" என்றேன்.

"எது, இந்தச் சம்பளம் வராத வேலையா? போனா போவட்டும்யா, கால் வலியாவது குறையும். கையெழுத்தப் போடு."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் போட்டேன். போட்ட கையோடு மறந்தும்விட்டேன்.

பங்குனி மாதம், இங்கிலீஷுக்கு மார்ச் கடைசி. சர்க்கார் கணக்கு முடிகிற நாள். அன்றைக்குள் கொடுக்காத பணம் திரும்பிப் போய்விடும் என்பதால் எங்கிருந்தோ உத்தரவு ஓடி வந்தது. நாலு மாதச் சம்பளமும் மொத்தமாகக் கையில் வந்தது. பட்டறையில் ஒரே சத்தம். ஒருவர் உருளை எஞ்சின்மேல் ஏறி நின்று துண்டைச் சுற்றினார். நான் சாப்பிடக்கூட இல்லை. நேரே பஸ் ஏறி மண்ணச்சநல்லூர் போனேன். வழியில் டோல்கேட்டில் இறங்கி வெற்றிலை பாக்கு, பழம், பூ எல்லாம் வாங்கினேன். மச்சான் வீட்டில் ஒரு தட்டு கேட்டு வாங்கி, பழத்தையும் பூவையும் வைத்து, அதன் மேல் பணத்தையும் வைத்து, பெண் பார்க்கப் போனவன் மாதிரி நடுக்கூடத்தில் கொண்டுபோய் வைத்தேன். மருதமுத்துவின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! அன்றுதான் அவருக்குப் பேச்சு வரவில்லை.

தனபாக்கியம் உள்ளேயிருந்து வந்தாள். தட்டைப் பார்த்தாள்.

"வந்துருச்சா?" என்றாள்.

"எல்லாம் வந்துருச்சு. ஒரு காசு குறையல. கிளம்பு."

அவள் உட்கார்ந்து, பூவை மட்டும் எடுத்து இரண்டாகக் கிள்ளிக் குழந்தைகளுக்கு வைத்தாள். தட்டை என் பக்கமாகத் தள்ளினாள்.

"கடன்காரங்களுக்குக் குடுங்க."

"நீ?"

"நான் பணம் வரலேன்னுட்டா இங்க வந்தேன்? பணம் வந்துருச்சுன்னு வர்றதுக்கு?"

"பின்ன என்னா வேணும் உனக்கு?"

"அதக் கூட நான்தான் சொல்லணுமா?" என்று எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். அடுப்படிக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. சத்தியமாகப் புரியவில்லை. நாலு மாதம் எதை வேண்டிக் காத்திருந்தேனோ அது தட்டில் இருக்கிறது. ஆனால் எதுவும் சரியாகவில்லை. இனி அவள் வரவே மாட்டாளோ என்ற பயம் அன்றுதான் வந்தது. பணம் இல்லாத வரையில் பணம்தான் காரணம் என்று நினைத்துக்கொள்ள முடிந்தது. இப்போது அதுவும் இல்லை. கொள்ளிடம் பாலத்தில் பஸ் வரும்போது ஜன்னலில் தலையைச் சாய்த்துக்கொண்டு அழுதேன். பக்கத்தில் இருந்தவர், "யாரு போயிட்டாங்க?" என்று கேட்டார்.

அதற்கு மூன்றாம் நாள் பங்குனி உத்திரம்.

வெளியூர் அடியார்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். இங்கே பங்குனித் திருநாளில் உற்சவரான நம்பெருமாள் உறையூர் போய் அங்கே இருக்கிற நாச்சியாரோடு சேர்ந்திருந்துவிட்டு வருவார். இங்கே பெருமாளின் தேவியான நம் தாயாருக்கு அது தெரிந்துவிடும். உத்திரத்தன்று பெருமாள் தாயார் சன்னதிக்கு வருகிறபோது தாயார் கதவைச் சாத்திக்கொள்வார். பெருமாள் வெளியே நிற்பார். தாயார் பக்கத்து ஆட்கள் வெண்ணெயையும் பூவையும் வீசுவார்கள். வாழை மட்டையால் அடிப்பார்கள். மோதிரம் தொலைந்தது, தேடப் போனேன், அதனால் தாமதம் என்று பெருமாள் பக்கம் சமாதானம் சொல்வார்கள். தாயார் பக்கம் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். கடைசியில் நம்மாழ்வார் வந்து இருவருக்கும் நடுவில் பேசுவார். அதற்குப் பிறகுதான் கதவு திறக்கும். வருஷத்தில் அந்த ஒரு நாள்தான் பெருமாளும் தாயாரும் சேர்ந்து சேவை சாதிப்பார்கள். அதைத்தான் சேர்த்தி என்போம்.

சின்ன வயதிலிருந்து பார்க்கிறேன். எல்லோரும் சிரித்துக்கொண்டு பார்ப்பார்கள். நானும் அப்படித்தான் பார்ப்பேன். அந்த வருஷம் சிரிப்பு வரவில்லை. கூட்டத்தில் ஒரு தூணை ஒட்டி நின்றுகொண்டிருந்தேன். பெருமாள்தான் வந்துவிட்டாரே, வாசலில்தான் நிற்கிறாரே, இன்னும் ஏன் கதவைத் திறக்கவில்லை என்று முதலில் நினைத்தேன். பிறகு தாயார் பக்கத்திலிருந்து பதில் சொல்லச் சொல்ல, என் காதில் வேறு மாதிரி விழுந்தது. வந்துவிட்டால் மட்டும் போதுமா? இத்தனை நாள் அவள் இருந்த இருப்புக்கு யார் பதில் சொல்வது?

மட்டை ஓங்குகிறபோது என் தோளில் விழுகிற மாதிரி இருந்தது. அப்படியே கைகூப்பினேன். ரொம்ப நாளைக்குப் பிறகு வாய்விட்டு வேண்டிக்கொண்டேன். 'பெருமாளே, சகல லோகத்துக்கும் படியளக்கிற உனக்கே சொந்த வீட்டு வாசலில் பேச்சு எடுபடவில்லை. உனக்காகப் பேச ஆழ்வார் வந்தார். எனக்கு யார் இருக்கிறார்கள்? எனக்குப் பேச வராது. எனக்காகப் பேச ஒரு ஆளை அனுப்பு. வேறு எதுவும் கேட்கவில்லை.' பக்கத்தில் நின்ற அம்மாள் என்னைத் திரும்பிப் பார்த்தார். சத்தமாகவே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது.

கதவு திறந்தது. கூட்டம் 'ரெங்கா, ரெங்கா' என்று முண்டியது. சேர்த்தியைச் சேவித்துவிட்டு வீட்டுக்கு வந்து, பழைய சோற்றில் மோர் ஊற்றிச் சாப்பிட்டுவிட்டுப் படுத்தேன். யாரும் வரவில்லை. அடுத்த நாளும் யாரும் வரவில்லை.

சித்திரையில் எங்கள் மனு விசாரணைக்கு வந்தது. நான் மறந்தே போயிருந்தேன். காதர் பாய்தான் நினைவுபடுத்தி, "சட்டைய துவைச்சுப் போட்டுக்கிட்டு வா" என்றார். கோர்ட்டுகள் இருக்கிற பக்கம் ஒரு சின்ன ஹால். மேலே ஃபேன் ஓடியது, காற்று வரவில்லை. மனுவை விசாரிக்கிற அதிகாரி கண்ணாடி போட்ட, சன்னமான மனிதர். சர்க்கார் பக்கத்தில் ஒரு வக்கீல். நாங்கள் எல்லோரும் சுவரோரமாக நின்றோம்.

சர்க்கார் வக்கீல் எழுந்து சொன்னது சரியாகத்தான் பட்டது. சம்பளம் முழுவதும் கொடுத்தாகிவிட்டது, உத்தரவு தாமதமானதற்கு யாரும் வேண்டுமென்று செய்யவில்லை, இவர்களுக்கு ஒரு நஷ்டமும் இல்லை, ஆகவே மனுவைத் தள்ளிவிட வேண்டும் என்றார். அதிகாரி எங்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். தாமதத்தால் என்ன நஷ்டம் என்பதுதான் கேள்வி. ஒருவர் வட்டிக்கு வாங்கினதைச் சொன்னார். ஒருவர் பசுமாட்டை விற்றதைச் சொன்னார். என் முறை வந்தது.

"சொல்லப்பா, உனக்கு என்ன நஷ்டம்?"

பெண்டாட்டி போய்விட்டாள் என்று எப்படிச் சொல்வது? இத்தனை பேர் நடுவில், சர்க்கார் முன்னால்? தலையைக் குனிந்துகொண்டேன்.

"ஒண்ணுமில்லீங்க ஐயா" என்றேன்.

வக்கீல் அதிகாரியைப் பார்த்து லேசாகத் தலையை ஆட்டினார். பார்த்தீர்களா என்பது போல. அப்போது காதர் பாய் முன்னால் வந்து, "ஐயா, மன்னிக்கணும். இவரு பேச மாட்டாரு. இவரு வீட்டம்மா பேசணுங்கிறாங்க" என்றார்.

நான் திரும்பிப் பார்த்தேன். வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு தனபாக்கியம் நிற்கிறாள். பின்னால் மருதமுத்து.

அதிகாரி கொஞ்சம் யோசித்தார். "வாம்மா. பயப்படாம சொல்லு."

அவள் வந்து என் பக்கத்தில் நின்றாள். என்னைப் பார்க்கவில்லை.

"நஷ்டம் என்னான்னு அவரக் கேக்காதீங்கய்யா. அவரு பட்டறைக்குப் போயிருவாரு. வீட்டுல இருந்தவ நான்."

"சம்பளம்தான் முழுசா வந்தாச்சே அம்மா" என்றார் வக்கீல், மரியாதையாகத்தான்.

"வந்துச்சுங்க. இல்லேங்கல. உங்களுக்கு இன்னைக்குப் பசிக்குது, சோறு போடல. நாளைக்கும் போடல. நாலு மாசங் கழிச்சு அம்புட்டுச் சோத்தையும் ஒரே இலையில கொட்டி, 'ஒரு பருக்கை குறையல, சாப்பிடு'ன்னா சாப்பிடுவீங்களா?"

ஹாலில் எல்லோரும் சிரித்துவிட்டார்கள். வக்கீலும் சிரித்துவிட்டு உட்கார்ந்துகொண்டார். அவள் சிரிக்கவில்லை.

"தைப் பொங்கலுக்கு எங்க வீட்டுல பானை வைக்கலைங்க. ஸ்டோர் முழுக்க 'பொங்கலோ பொங்கல்'னு கத்துது. பக்கத்துல யாராச்சும் வந்து எட்டிப் பாத்தா அவமானம்னு கதவச் சாத்திக்கிட்டு, பிள்ளைங்க வாயப் பொத்திக்கிட்டு உள்ள உக்காந்திருந்தேன். பெரியவ கேக்குறா, 'அம்மா, நாமளும் சும்மா கத்துவோமா?'ன்னு. அந்தப் பொங்கல பாக்கியில சேத்துக் குடுக்க முடியுமாங்கய்யா?"

அதிகாரி கையில் இருந்த பேனாவைக் கீழே வைத்தார்.

"இந்தா நிக்கிறாரே, இவரு ஒரு நாள் லீவு போடல. காலையில சாப்பிடாம போவாரு. பட்டறையில சாப்பிட்டேன்னு ராத்திரி வந்து சொல்லுவாரு. பொய். எனக்குத் தெரியும். நானும் சாப்பிட்டேன்னு சொல்லுவேன். அதுவும் பொய். அவருக்கும் தெரியும். ரெண்டு பேரும் மாத்தி மாத்திப் பொய் சொல்லி, அப்புறம் பொய் சொல்லவும் தெம்பில்லாம பேச்சே நின்னு போச்சுங்க. கல்யாணமாகி இத்தனை வருசத்துல இந்த மனுசன் என்கிட்ட பேசாம இருந்ததில்ல. சர்க்காரு சம்பளத்தக் குடுத்துருச்சு. அந்தப் பேச்ச யாரு குடுப்பா?"

அதற்கு மேல் அவளால் முடியவில்லை. முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

நான் என்ன செய்தேன் என்று எனக்கே தெரியாது. காதர் பாய்தான் பிறகு சொன்னார். "எனக்கு நஷ்டம் இருக்குதுங்க ஐயா, நிறைய இருக்குது, நான் பொய் சொல்லிட்டேன்" என்று சொல்லிவிட்டுத் தேம்பித் தேம்பி அழுதேனாம். இத்தனை பேர் நடுவில், சர்க்கார் முன்னால்.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எங்கள் எல்லோருக்கும் ஆளுக்குப் பத்து ரூபாய் நஷ்டஈடு என்று தீர்ப்புச் சொன்னார். "அதற்கு மேல் கொடுக்கச் சட்டத்தில் இடமில்லை அம்மா" என்று தனபாக்கியத்தைப் பார்த்துச் சொன்னார். அவர் குரலில் ஒரு வருத்தம் இருந்தது. அவள், "நீங்க கேட்டதே போதுங்கய்யா" என்றாள்.

வெளியே வேப்பமரத்தடியில் நின்றோம். மருதமுத்து என் பக்கம் வந்து, "மாப்ளே, உத்தரவு நெசமாவே மெட்ராஸ்லதான் இருந்துச்சா? நான் என்னமோ நெனச்சுட்டேன்" என்று தலையைச் சொறிந்தார். காதர் பாய் பீடியைப் பற்ற வைத்துக்கொண்டு தள்ளிப் போய்விட்டார்.

பிறகுதான் விஷயம் தெரிந்தது. அரிசி வாங்கப் போகிற மாதிரி காதர் பாய் மண்ணச்சநல்லூர் மில்லுக்குப் போயிருக்கிறார். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. மருதமுத்துவைப் பிடித்து, விசாரணை நாளைச் சொல்லி, அவரோடு வீட்டுக்குப் போய், "தங்கச்சி, விசாரணையில உன் வீட்டுக்காரர் 'ஒண்ணுமில்லே'ம்பாரு. அது எனக்கு எழுதி வச்ச மாதிரி தெரியும். உனக்கு ஒண்ணுமில்லேன்னா நீ வர வேணாம்" என்று மட்டும் சொல்லிவிட்டு, அரிசி மூட்டையைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டாராம். எப்போது போனீர்கள் பாய் என்று கேட்டேன். பங்குனி உத்திரத்துக்கு மறுநாள் என்றார். அவருக்கு உத்திரம் தெரியாது. ஸ்ரீரங்கத்தில் கூட்டமாக இருந்ததே, பஸ்ஸில் இடம் கிடைக்கவில்லையே, அதற்கு மறுநாள் என்றார். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. வீட்டுக்கு ஒருவரும் வரவில்லையே என்று நான் படுத்துக்கிடந்த அன்றுதான் அவர் அங்கே போயிருக்கிறார். பெருமாள் யாரை அனுப்புவார், எந்த வழியில் அனுப்புவார் என்று நாம் எப்படிச் சொல்வது!

"என்ன மரம் மாதிரி நிக்கிறீங்க? பிள்ளைங்கள அண்ணி எத்தன நேரம் பாத்துக்கும்? போய்க் கூட்டிட்டு வர வேணாமா?" என்றாள் தனபாக்கியம்.

பஸ்ஸில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து வந்தேன். கொள்ளிடத்தில் மணல்தான் வெள்ளையாகக் கிடந்தது. நான் உத்திரத்தன்று வேண்டிக்கொண்டதைச் சொன்னேன். அவள் கேட்டுக்கொண்டே வந்தாள்.

"அன்னைக்கு நானும் அங்கதான் இருந்தேன். அண்ணியோட வந்தேன். பொம்பளைங்க பக்கம்."

"என்னப் பாத்தியா?"

"பாக்கல. தாயாரத்தான் பாத்துக்கிட்டிருந்தேன். கதவத் தொறந்ததும் எனக்குக் கோவமா வந்துச்சு. 'ஏன்டி இவ்வளவு சீக்கிரம் தொறக்குற, இன்னுங் கொஞ்ச நேரம் நிக்கட்டுமே'ன்னு நெனச்சேன்."

"அப்புறம்?"

"அப்புறம் என்னா? காதர் பாய் வந்தாரு."

நான் சிரித்தேன். சிரித்து எத்தனை மாதமாயிற்று என்று நினைத்துப் பார்த்தேன், நினைவில் இல்லை. அன்று இரவு குழந்தைகள் தூங்கின பிறகும் பேசிக்கொண்டே இருந்தோம். பெரிதாக ஒன்றுமில்லை. யார் எங்கே பசியோடு இருந்தோம், யாரிடம் என்ன பொய் சொன்னோம் என்றுதான்.

நஷ்டஈட்டுப் பணம் என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். தாமதச் சம்பளத்துக்குக் கொடுக்க வேண்டிய அந்தப் பத்து ரூபாயும் தாமதமாகத்தான் வந்தது. சித்திரையில் தீர்ப்பு, ஆவணியில் பணம். "இதுக்கும் ஒரு மனுப் போடுவமா?" என்று காதர் பாய் கேட்டார். தனபாக்கியத்திடம் கொண்டுவந்து கொடுத்தேன். அவள் அதில் பாதிக்கு நெய் வாங்கித் தாயார் சன்னதியில் விளக்குக்குச் சேர்த்தாள். மீதிக்குக் காதர் பாய் வீட்டுக் குழந்தைகளுக்கு இனிப்பும் துணியும் வாங்கிக் கொடுத்தனுப்பினாள்.

இது நடந்து எட்டு வருஷம் ஆகிறது. பெருமாள் எனக்குச் சம்பளத்தைச் சீக்கிரம் வாங்கிக் கொடுத்தார் என்று நான் சாட்சி சொல்ல வரவில்லை. அது மார்ச் கடைசியில் சர்க்கார் வழக்கப்படி வந்தது. நான் கேட்டது பேச ஒரு ஆள். அனுப்பினார். அதுவும் ஒருவருக்கு இருவராக அனுப்பினார். கேட்காமல் நாலு மாதம் வெறுமனே போய் நின்றேன். அப்போதும் அவர் என்னைப் பார்த்துக்கொண்டுதான் இருந்திருப்பார். ஆனால் வாயைத் திறந்து கேட்ட அன்றுதான் எனக்கு என்ன வேண்டும் என்று எனக்கே தெரிந்தது.

இதைப் படிக்கிற அடியார்களில் சர்க்கார் உத்தரவுக்குக் காத்திருக்கிறவர்கள் இருப்பீர்கள். வாசலில் கடன்காரர் நிற்க, உள்ளே பேச்சில்லாமல் உட்கார்ந்திருக்கிறவர்கள் இருப்பீர்கள். சன்னதிக்குப் போங்கள். கூச்சப்படாமல் கேளுங்கள். அழுகை வந்தால் அழுங்கள். நமக்காகக் கதவுக்கு வெளியே நின்று காட்டினவர் அவர். அவருக்குத் தெரியாததை நாம் ஒன்றும் சொல்லப் போவதில்லை. அவரிடம் கேட்ட கையோடு வீட்டுக்கு வந்து, வீட்டில் இருக்கிறவளிடமும் சொல்லுங்கள்.

இன்றைக்கு மாதம் பிறந்து ஒரு வாரம் ஆகிவிட்டது. இந்த மாதமும் இன்னும் சம்பளம் வரவில்லை. இப்போது நான் பர்மனெண்ட்தான், ஆனாலும் ஏதோ ஒரு பில்லில் ஏதோ ஒரு கையெழுத்து இல்லையாம். நேற்று வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பைக் கழற்றுவதற்கு முன்னால் தனபாக்கியத்திடம் சொன்னேன். "சரி, காப்பிப் பொடிய நிறுத்திக்குவோம். நீங்க சாப்பிட்டீங்களா?" என்றாள்.

"இல்லை" என்றேன்.

"நானும் இல்ல. கையக் கழுவுங்க" என்று இரண்டு தட்டு எடுத்துப் போட்டாள்.